சேங்கொட்டைக் குறி

அரக்கோணம் ரன்வேக்குப் பின்னால்,
முள்கம்பி முடிகிற இடத்தில் எங்கள் வெள்ளாவி.
உருப்படிக்கு ஓர் அணா.
எழுதத் தெரியாது எனக்கு.
சேங்கொட்டையில் ஊசியைக் குத்தி
காலரின் உள்பக்கம் குறி வைப்பேன்.
ஒரு புள்ளி ஒரு கோடு: மூக்குத் தோல் உரிந்த பைலட்.
இரண்டு கோடு: ராத்திரியெல்லாம் சீட்டாடிவிட்டுக்
காலையில் கடன் சொல்கிறவன்.
மூன்று புள்ளி: ஓல்கர்சன்.

அந்தப் பேரைச் சொன்னது மெஸ் பட்லர் சவரிராயன்.
"இருபத்தொரு வயசு.
வால்பக்கம் கண்ணாடிக் கூண்டுல குந்திக்கினு
துப்பாக்கி பிடிக்கிறவன்.
மத்தவன்லாம் போற எடத்தப் பாப்பான்.
இவன் வுட்டுட்டு வந்த எடத்தப் பாத்துக்கினே போவான்."

வேர்வை இரண்டு தினுசு.
சித்திரை வெயிலில் வருவது உவர்மண்ணுக்கே போய்விடும்.
பதினாலு மணி நேரம் கடல்மேல் போய்வந்த
சட்டையில் இருப்பது வேறு.
துருப்பிடித்த தகரத்தை நக்கியது மாதிரி ஒரு வாடை,
இரண்டு வெள்ளாவி கேட்கும்.
அமெரிக்காக்காரனுக்குப் பயமே கிடையாதென்று
ரேஷன் கியூவில் யாராவது சொன்னால்
நான் பேசாமல் பையைப் பிரித்துப் பிடிப்பேன்.

அவன் பாக்கெட்டில் பென்சில் துண்டு,
வெள்ளித்தாள், ஒரு பகடை,
ஒருமுறை ஒரு புளியங்கொட்டை.
எதற்கு வைத்திருந்தானோ.
கேட்கப் பாஷை இல்லை.
இஸ்திரி போட்டு
அதே பாக்கெட்டில் திரும்ப வைத்தேன்.

ஐப்பசி மழையில் நனைந்த தோல்சட்டையை
உலர்த்தக் கொடுத்தான். உள்ளே
தைத்திருந்தது ஒரு பட்டுத்துணி.
மேலே கொடி, கீழே வரிவரியாக எழுத்து,
ஒவ்வொரு வரியும் ஒவ்வொரு ஜாடை.
"எங்கியாவது வுழுந்தா காட்டறதுக்கு" என்றான் சவரிராயன்.
"இவனக் காப்பாத்து, சோறு போடு, பணம் தரோம்னு
பர்மாக்காரன், சீனாக்காரன், வங்காளி
எல்லாம் பாஷையிலயும் போட்டுக்கீது."
நம்ம பாஷை எது என்றேன்.
"இங்க எதுக்கு வுழப்போறான்?"
சிரித்தான்.
ஏன், காவேரிப்பாக்கம் ஏரியில் விழக்கூடாதா?
விழுந்தால் படித்துப் பார்த்தா சோறு போடுவோம்?

தை மாசம் ஒரு வெள்ளிக்கிழமை.
போனது ஆறு.
சத்தத்தை எண்ணிவிட்டுத்தான் படுப்பேன்.
ஐந்து வந்தது.
விளக்கை அணைக்காமல் உட்கார்ந்திருந்தேன்.
மண்ணெண்ணெய் தீர்ந்து அதுவே அணைந்தது.

ஒன்பதாம் நாள் ஒரு ஆபீசர்
காகிதமும் கையுமாக வந்தார்.
காணாமல் போனவர்களின் துணி வேண்டுமாம், ஊருக்கு அனுப்ப.
ஒவ்வொன்றாக எடுத்துத் தந்தேன்.
மூன்று புள்ளி மட்டும் பதினொரு உருப்படி.
பதினொரு அணாவை எண்ணி நீட்டினார்.
என் புருஷன் வேடியப்பன் பின்வாங்கினான்.
"செத்தவன் கூலி வாணாம்."
செத்ததாக யார் சொன்னது?
காணோம் என்றுதானே எழுதியிருக்கிறது?
துவைத்தது துவைத்ததுதான்.
வாங்கிக்கொண்டேன்.
கறுப்பு மார்க்கெட் அரிசிக்கு
அது அரைநாள் தாங்கியது.

அடுத்த வாரம் அதே கூண்டுக்கு
இன்னொரு பையன் வந்தான், காதெல்லாம் வேர்க்குரு.
அவனுக்கு நாலு புள்ளி வைத்தேன்.

ராத்திரி படுத்தால் அந்த மூட்டை
கப்பல் ஏறுகிறது.
எங்கோ ஒரு பொம்பளை, பெற்றவளோ யாரோ,
கட்டைப் பிரிக்கிறாள்.
சட்டையை முகத்தில் வைத்து
மூச்சை இழுக்கிறாள்.
ஒன்றும் இல்லை.
அவன் வாடையைச் சுத்தமாக எடுத்தவள் நான்,
இரண்டு வெள்ளாவி வைத்து.

பிறகு காலரைத் திருப்புவாள்.
மூன்று கறுப்புப் புள்ளி.
யாரிடம் காட்டிப் படிக்கச் சொல்வாளோ.
அழுக்கென்று நினைத்துத் தேய்த்தும் பார்ப்பாள்.
அந்த ஊரில் உவர்மண் கிடைக்குமோ என்னவோ.
கிடைத்தாலும் போகாது.